கடைசி அசைவு

வேலை அறைக் கதவின் கைப்பிடியை அப்பாவின் உதவியாளர் ரப்பர் திருகிப் பார்ப்பதை, கூடத்தில் அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த மகள் கவனித்துவிட்டாள். அப்பாவைக் கிடத்தி இன்னும் வெயில்கூட ஏறவில்லை. அதற்குள்ளாகவா?

சாவி அவளிடம்தான் இருந்தது. விடிந்ததும் முதல் காரியமாகப் பூட்டியிருந்தாள். சாவு வீட்டில் எதற்கடி பூட்டு என்று அம்மா முறைத்தாள். முறைத்தால் முறைக்கட்டும். எரிகிற வீட்டில் பிடுங்கியது லாபம் என்பவர்கள் எல்லாத் தொழிலிலும் உண்டு.

ரப்பர் என்பது அப்பா வைத்த பெயர். ஒரு கோடு போட்டு மூன்று கோடு அழிக்கிறவர். பல்பொடி விளம்பரத்துக்காக அப்பா பற்களை வரைந்து ஆடவிட்ட காலத்திலேயே ஒட்டிக்கொண்டவர். அப்பாவின் ‘துப்பறியும் கழுதை’ பொம்மைப் படத் தொடர் தொலைக்காட்சியில் ஓடி, தெருப் பிள்ளைகளெல்லாம் கழுதைபோலக் கத்தித் திரிந்தபோதும் கூட இருந்தார். முதல் முழுநீளப் படம் வந்த வேகத்தில் படுத்துக்கொண்டபோதும் இருந்தார். ஆனால் எழுத்து, இயக்கம் என்று திரையில் வந்ததென்னவோ அப்பா பெயர் மட்டும்தான். இப்போது கடைசிப் படம் மேசைமேல் பாதியில் கிடக்கிறது. ஒரு பெயரை அழிக்க ரப்பருக்குச் சொல்லியா தரவேண்டும்?

அவர் நேராக அவளிடம் வந்தார்.

"கடைசி நேரத்துல பக்கத்துல யாரும்மா இருந்தா?"

"நான்தான்."

"ஏதாவது..."

வந்துவிட்டார் விஷயத்துக்கு. "படத்தை உங்க கையில குடுக்கச் சொன்னாரான்னுதானே மாமா கேக்குறீங்க? சொல்லல."

ரப்பரின் முகம் சுருங்கிப்போயிற்று. "பேச்சு நின்னுபோனது எனக்குத் தெரியாதா? கை ஏதாச்சும் பண்ணுச்சான்னு கேக்க வந்தேன். அவரு வாயைவிடக் கையாலதானே ஜாஸ்தி பேசுவாரு."

இந்த மனுஷனுக்கு எப்படித் தெரியும்?

"அவதான் தூக்கத்துலயே போயிட்டாருன்னு சொல்றாளே," என்றாள் அம்மா. "அப்புறம் என்ன கேள்வி?"

அம்மாவிடமும் அவள் அப்படித்தான் சொல்லியிருந்தாள். எழுந்து ரப்பரை வேலை அறைக்குக் கூட்டிப்போனாள். பூட்டைத் திறந்தால், அப்பா வரைகிற கண்ணாடி மேசைக்கு அடியில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. காலையில் அவசரத்தில் அவள்தான் அணைக்காமல் விட்டிருந்தாள்.

"கதவுக்கடியில வெளிச்சம் தெரிஞ்சுது. விளக்கை வீணா எரியவிட்டா அவருக்குப் புடிக்காது. அதான் திறக்கப் பாத்தேன்," என்றார் ரப்பர்.

நம்பலாமா? தெரியவில்லை. ஆனாலும் கதவைச் சாத்திவிட்டுச் சொன்னாள்.

"தூக்கத்துல போகல மாமா. என்னைத் தள்ளிவிட்டுட்டுப் போனாரு. பெத்த பிள்ளையைவிடப் பொம்மைக்குத்தானே உயிரைக் குடுத்தீங்கன்னு போன மாசம் கேட்டேன். அப்ப ஒண்ணும் சொல்லல. நேத்து பதில் சொல்லிட்டாரு." அதற்குமேல் முடியவில்லை. வாய்விட்டு அழுதாள்.

ரப்பர் அவளைச் சமாதானப்படுத்தவில்லை. "செஞ்சு காட்டு," என்றார்.

அப்பாவும் அப்படித்தான். யாராவது விழுந்தேன் என்றால்கூட விழுந்து காட்டச் சொல்வார்.

அவள் ரப்பரின் கையைப் பிடித்தாள். அவர் விரல்களின் இடுக்குகளில் தன் விரல்களை நுழைத்து, சுண்டுவிரலில் தொடங்கி ஒவ்வொன்றாகத் தள்ளினாள். திரும்பவும் சுண்டுவிரலிலிருந்து. "இப்படித்தான். போ, போன்னு. கை ஓயற வரைக்கும்."

ரப்பர் தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கடைசிப் படத்தின் தாள்கட்டிலிருந்து சில தாள்களை எடுத்து, அடியில் விளக்கெரிகிற கண்ணாடிமேல் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, விரலுக்கொரு தாளாக இடுக்கிக்கொண்டார். சுண்டுவிரலில் தொடங்கி ஒவ்வொரு விரலாகத் தள்ளினார். தாள்கள் வரிசையாக எழுந்து படிந்தன. பென்சில் கோட்டிலிருந்த ஒரு சிறுமி தலையைத் திருப்பி நிமிர்ந்து பார்த்தாள்.

"வரைஞ்சதுக்கு உயிர் வந்துடுச்சான்னு இப்படித்தான் பாப்பாரு," என்றார் ரப்பர். "அங்க தாள் எங்க இருக்கு? உன் விரல்தான் இருந்துச்சு. தள்ளலம்மா, புரட்டிப் பாத்திருக்காரு."

வெளியே அப்பாவை ஏற்றிப்போக வண்டி வந்து நின்றது. அம்மா இரண்டு முறை கூப்பிட்டாள்.

மகள் அப்பாவின் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"இன்னொரு தடவை காட்டுங்க மாமா," என்றாள். "மெதுவா."