மணலாத்தாவின் சங்கைத் திருடினது யார்

1

இந்தக் கதை ஒரு கோழியால் வந்தது. பாம்பன் பாலத்தில் பஸ் போய்க்கொண்டிருந்தபோது திடீரென்று கோயில் சங்கு முழங்கியது. நான் கண்ணை மூடிக் கன்னத்தில் போட்டுக்கொண்டேன். பக்கத்து ஆள் சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து, "மச்சான், நாட்டுக்கோழியா பிராய்லரா?" என்றான். சாமிக்குப் போக வேண்டிய கும்பிடு பிராய்லருக்குப் போய்விட்டது. அதைத் திரும்ப வாங்க எந்த ஆபீஸில் மனுக் கொடுப்பது? அந்த எரிச்சலில் எழுத உட்கார்ந்தேன்.

நான் ஐந்தாம் வகுப்பு. ஐஸ் கம்பெனியில் பெட்டி தூக்கினவன். பிழை இருந்தால் நீங்களே திருத்திக்கொள்ளுங்கள், சும்மாதானே உட்கார்ந்திருக்கிறீர்கள்.

2

முதல் தொடக்கம்: "முன்னொரு காலத்தில் கடலம்மா ஒரு சங்குக்குள் தன் மூச்சை..."

(அடித்துவிட்டேன். கடலம்மா என்னிடம் வந்து சொன்னாளா?)

இரண்டாவது: "தனுஷ்கோடிக்குக் கிழக்கே ஒரு மணல் தீவு இருக்கிறது."

(இல்லை. நான் போட்டது. டூரிஸ்ட்காரர்கள் ஜீப் பிடித்துத் தேட வேண்டாம்.)

அந்தத் தீவில் மணலாத்தா என்று ஒரு சாமி. அவளுக்கு ஒரு சங்கு. பூசாரி தவசி பொழுது சாய ஒரே ஒரு தரம் ஊதுவார். உடனே கடலில் கிடக்கிற வள்ளமெல்லாம் சத்தம் வரும் திக்குக்குத் தானாகத் திரும்பும். இன்ஜின், சுக்கான் எதுவும் பேச்சுக் கேட்காது. அதனால் அங்கே இதுவரை ஒருவனும் தொலைந்ததில்லை.

ஒரே கட்டுப்பாடு, அந்தச் சத்தத்தை யாரும் நகலெடுக்கக் கூடாது. பிள்ளைகள் விளையாட்டுக்கு வாயைக் குவித்து ஊதினால்கூட உதட்டில் மணலை வைத்துத் தேய்ப்பார்கள். பெரியவர்கள் மீறினால் அந்த வீட்டு வள்ளத்தைக் கரையேற்றிக் கவிழ்த்துவிடுவார்கள். அப்புறம் அந்தக் குடும்பம் கடலில் இறங்கவே முடியாது. ஏன் என்று கேட்டால் தவசிக்கே தெரியாது. "ஆத்தாளுக்கு ஆகாது" என்பார். எனக்குத் தெரியும். [சொல்கிறேன், பொறுங்கள்.]

3

அந்தச் சத்தத்தைத் திருடினவன் யார்? படகேறி வந்த அகதி ஒருவன் என்று எழுதி, ராமநாதபுரம் ஜெராக்ஸ் கடையில் டைப் அடிக்கிற லாமியா என்கிற பிள்ளையிடம் கொடுத்தேன். படித்துவிட்டுத் தாளை மேசையில் போட்டது.

"திருடன்னா வெளிய இருந்து வந்தவன்தானாய்யா? உள்ளூர்ல ஆள் பஞ்சமா?"

"நீ டைப் அடி தாயி."

"மண்டபம் அகதி கேம்ப்ல இருந்து இங்கன வர்ற தக்ஷாயினி அக்கா இதப் படிச்சா உங்க முகத்துல காறித் துப்பும்."

"துப்பட்டும். முகம் எப்பவோ கெட்டுப்போச்சு."

ஆனாலும் அகதியை அடித்துவிட்டேன். துப்பலுக்குப் பயந்து இல்லை. அவன் எதற்காகத் திருட வேண்டும் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. காரணம் உள்ள ஆளைத் தேடினேன். கனகலட்சுமி அகப்பட்டாள்.

4

கனகலட்சுமிக்குக் கல்யாணமாகி எட்டு மாதம். புருஷன் தர்மராஜ் கடலுக்குப் போகும்போதெல்லாம் வள்ளம் கண்ணுக்கு மறைகிற வரை கரையிலேயே நிற்பாள். சங்கு கரையில்தானே கிடக்கிறது, ஆத்தா அவனோடு வள்ளத்திலேயே போகட்டும் என்று நினைத்தாள். பூக்கூடைக்குள் போனை ஒளித்துச் சங்கை ரெக்கார்டு பண்ணினாள். அதையே அவன் போனுக்கு ரிங்டோனாக வைத்தாள்.

"வெளிய சொல்லிராதீக" என்றாள்.

"ஆத்தாளையே பைக்குள்ள போட்டுட்ட. கெட்டிக்காரிதான்" என்று சிரித்துக்கொண்டே போனான்.

அன்று சாயங்காலம் தவசி ஊதினார். வள்ளங்கள் திரும்பின. கனகலட்சுமி வழக்கம்போல் என்ன மீன் என்று கேட்கப் போன் போட்டாள். அங்கே, வள்ளத்துக்குள்ளேயே சங்கு முழங்கியது. வள்ளம் எந்தத் திக்குக்குத் திரும்பும்? தன்னைத் தேடித் தன்னையே சுற்றியது. [காரணம் இதுதான்.]

மற்றவர்கள் கரை சேர்ந்துவிட்டார்கள். மறுபடி போட்டாள்.

"எங்கன இருக்கீக?"

"வந்துக்கிட்டே இருக்கேன். கரை நேர இருந்துச்சு, இப்ப முதுகுக்குப் பின்னாடி இருக்கு."

மூன்றாவது தரம் அவன் கத்தினான். "ஏ புள்ள, போனை வையி! நீ கூப்பிடுறப்பல்லாம் வள்ளம் கிறுகிறுன்னு சுத்துது. போன் பட்டன் உப்புத்தண்ணியில இறுகிப்போச்சு, அமத்தவும் முடியல. பாறையை ஒட்டி வாரேன். இன்னும் ஒரு சுத்துன்னா மேல ஏறிரும்."

வைத்துவிட்டான். அப்போதுதான் அவளுக்கு விளங்கியது.

5

அதற்குள் கரையில் கூட்டம். ஆளாளுக்குக் கையில் போன். தர்மராஜ் மேல் அன்றைக்கென்று எல்லோருக்கும் பாசம் பொங்குகிறது. அவன் அக்கா ராக்கு, "நான் ஒரு போன் போட்டுப் பாக்கேன்" என்கிறாள்.

"போடாதீக மதினி! சார்ஜ் தீந்துரும்."

(சார்ஜ் பொய் லாமியா கொடுத்தது. நல்ல பொய். கூட்டம் அடங்கிவிட்டது.)

தவசி அடங்கவில்லை. அவர் என்னைப் போல, எவர் பேச்சையும் நம்பாத ஆள். போனில் பெருவிரலை வைத்துக்கொண்டு நிற்கிறார்.

"தீருறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை கேட்டா என்ன? நீ என்னத்தையோ மறைக்கிற. காரணத்தச் சொல்லு, இல்லாட்டி அமுக்குறேன்."

சொன்னால் தர்மராஜ் பிழைப்பான். அவன் வள்ளம் கவிழ்த்துப் போடப்படும், இனி அவனுக்குக் கடல் கிடையாது. சொல்லாவிட்டால் பாறை.

முடிவு ஒன்று: அவள் சொல்கிறாள். தவசி மனம் இளகி... (இவ்வளவு நல்லவராக அவரை நான் எழுதவே இல்லை.)

முடிவு இரண்டு: அவள் போனைப் பிடுங்கிக் கடலில் எறி... (பின்னால் இருபது போன் நிற்கிறது.)

முடிவு மூன்று: அவள் வாயைத் திறந்து, "நான்தான்

6

நிறுத்திவிட்டேன். அவள் சொன்னதைக் கேட்டு வள்ளத்தைக் கவிழ்க்கிற கூட்டத்தில் நீங்களும் இருப்பீர்கள், எனக்கு உங்களைத் தெரியும். சொல்லாமல் விட்டால் அவளைத் திட்டுகிறவர்களும் நீங்கள்தான்.

லாமியா வாரம் இரண்டு தரம் கேட்கிறது, "தர்மராஜ் கரைக்கு வந்துட்டாராய்யா?" என்று. அதற்குச் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன். நீங்களும் அந்தக் கரையில்தான் நிற்கிறீர்கள். ஒவ்வொரு தரம் கேட்கும்போதும் அந்த வள்ளம் ஒரு சுற்று சுற்றும். அவன் மேல் உண்மையிலேயே அக்கறை இருந்தால் வாயை மூடிக்கொண்டு கடலைப் பாருங்கள்.