ஓமா

வலக்கை சட்டைக்குள் போக மறுத்தது. குகனேஸ்வரி முழங்கையை மெல்ல மடக்கி, "கொஞ்சம் கையை விடுங்கோ சிஞ்ஞோரா" என்று வழக்கம்போலச் சொல்லிவிட்டு, பிறகுதான் வாயை மூடிக்கொண்டாள். செத்த மனுசியிடம் என்ன கெஞ்சல்!

காலையில் பால்கோப்பி கொண்டுபோனபோதே, அவள் பராமரித்து வந்த சிஞ்ஞோரா ஹெட்விக் போயிருந்தார். அதன் பிறகு குகனேஸ்வரி டொக்டரைக் கூப்பிட்டாள். ஜெர்மனியில் இருக்கும் சிஞ்ஞோராவின் தம்பி மகன் யோஹெனுக்குச் சொன்னாள். ஆறிப்போன கோப்பியைத் தானே குடித்தாள். பிளவுசை அயன் பண்ணினாள். ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. ஊரில் ஆர் வீட்டுச் சாவென்றாலும் படலையடியிலேயே விம்மத் தொடங்குகிறவள் அவள். இன்றைக்கு உடம்பெல்லாம் விறைத்துக் கிடந்தது. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது.

யோஹென் போனில் மரியாதையாகத்தான் சொன்னான். "நான் பின்னேரம் வந்திடுவன். நீங்கள் களைச்சிருப்பீங்கள், வீட்டை போங்கோ. மிச்சத்தை நாங்கள் பாக்கிறம்."

நாங்கள் என்றால் அவனும் சவப்பெட்டி தூக்கும் கொம்பனிக்காரரும். நாளைக்கு அடக்கப் பூசையின்போது கோயிலில் தான் எங்கே நிற்பது என்று கேட்க அவளுக்கு வாய் வரவில்லை. வேலைக்காரி எங்கே நிற்பாள்? கதவடியில்தான். இத்தனை வருசம் தூக்கிக் குளிப்பாட்டிய உடம்பை ஆரோ கொண்டுபோக, இவள் வீட்டுக்குப் போகும் பஸ்ஸுக்குக் காத்து நிற்க வேண்டும்.

ஹெட்விக் பெரிய நட்சத்திரம் இல்லை. ஆனால் ஜெர்மன்காரர் முகத்தைக் கண்டால், "எங்கேயோ பார்த்திருக்கிறமே" என்று நின்றுவிடுவார்களாம். மேடையில் தட்டம் ஏந்தும் வேலைக்காரியாகத் தொடங்கியவர். பிறகு தாதி, மாமியார், வம்பளக்கும் அயல்வீட்டுக்காரி. தலை கெதியாய் நரைத்துவிட, நாற்பது வயதிலேயே கிழவி வேசம் தேடி வந்தது. படப்பிடிப்புக்கு இத்தாலிக்கு, இந்தப் பலேர்மோவுக்கு வந்த இடத்தில் ஒரு கமெராக்காரரைக் கட்டிக்கொண்டு இங்கேயே தங்கிவிட்டார். அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். பிள்ளையில்லை.

"எனக்கு ஊர்ப்பட்ட பேரப்பிள்ளையள்," என்று சிரிப்பார். "என்ன, ஷூட்டிங் முடிஞ்ச உடனை அதுகள் தாயோடை போயிடுங்கள்."

இனி அந்த 'ஓமா' கதை. திருகோணமலையில் இருக்கும் தங்கச்சி சந்திரமதியோடு போனில் கதைக்கும்போது குகனேஸ்வரி எதற்கெடுத்தாலும் "ஓமா? ஓமா?" என்பாள். அப்படியா என்று கேட்பதுதான், வேறொன்றுமில்லை. அவள் கேட்கும்போதெல்லாம் உள்ளறையிலிருந்து "யா, யா!" என்று குரல் வரும். இந்த மனுசிக்கு என்ன பிடித்துவிட்டது என்று அவள் யோசித்தாள். ஒருநாள் டீவியில் சிஞ்ஞோராவின் பழைய படம் போனது. ஒரு குழந்தை "ஓமா!" என்று கத்திக்கொண்டு ஓடிவர, படத்துக் கிழவி இரண்டு கையையும் விரித்து "யா, யா!" என்றாள். அட கடவுளே! ஜெர்மன் பாசையில் ஓமா என்றால் பாட்டி, யா என்றால் ஆமாம்.

குகனேஸ்வரி திருத்தவில்லை. அதன் பிறகு போனில் 'ஓமா' கொஞ்சம் கூடுதலாக விழுந்தது, உரத்தும் விழுந்தது. சொல்லிவிட்டு போனைக் காதிலிருந்து விலக்கி, அறைப் பக்கம் திரும்பி நிற்பாள். "யா, யா" வந்த பிறகுதான் தங்கச்சியின் கதை தொடரும்.

பின்னேரம் யோஹென் வந்தான். கட்டிலடியில் நின்று, தனக்குத் தெரிந்த இத்தாலியனில் கேட்டான்.

"'இஞ்சை ஒரு பிள்ளை என்னை ஓமா எண்டு கூப்பிடுது' எண்டு அத்தை போனிலை சொல்லுறவா. நாங்கள் நம்பேல்லை. வயசு போன மறதியிலை, நடிச்ச படத்தைச் சொல்லுறா எண்டு நினைச்சம். நீங்கள் மெய்யாக் கூப்பிட்டனீங்களோ?"

அது எங்கட பாசையில் வேறு அர்த்தம் என்று சொல்ல, விளக்கம் நாக்கு நுனிவரை வந்தது. சொன்னால் கிழவியின் இந்தப் பேத்தியும் ஷூட்டிங் முடிந்து போனவள் ஆகிவிடுவாள்.

"ஓம்," என்றாள். அவன் விளங்காமல் பார்க்க, தலையை ஆட்டிக் காட்டினாள்.

யோஹென் கண்ணைத் துடைத்தான். "அப்ப நாளைக்குக் கோயிலிலை முன் வரிசை வாங்கிலை என்னோடை இருங்கோ. குடும்பம் எண்டு வேறை ஆர் இருக்கினம்?"

அவள் சரியென்றாள். அப்போதும் அழுகை வரவில்லை. குனிந்து, சிஞ்ஞோராவின் சட்டைக் கையில் பூட்டாமல் விட்ட தெறியைப் பூட்டினாள்.

குசினியில் போன் அடித்தது. சந்திரமதி. அவளுக்கு இன்னும் விசயம் தெரியாது.

"அக்கா, இஞ்சை விடியத் தொடங்கின மழை இன்னும் விடேல்லை. கிணத்துத் தண்ணி கட்டுமட்டும் வந்திட்டுது."

"ஓமா?" என்றாள் குகனேஸ்வரி, உரத்து.

பிறகு போனைக் காதிலிருந்து விலக்கி, அறைப் பக்கம் திரும்பி நின்றாள்.

"அக்கா? அக்கா, லைனிலை நிக்கிறியோ?"