கொக்கு மண்டலத்து ஐம்பத்தொரு கிலோ

மழைக்காலம் முடிந்த முதல் திங்கட்கிழமை, லிஃப்ட் மெக்கானிக் மங்கலாக ஒளிவிடத் தொடங்கினார். வெயிலில் ஒன்றும் தெரியாது. லிஃப்ட் குழிக்குள் இறங்கினால்தான் தெரியும்: காலருக்கு மேலேயும் முழங்கைக்குக் கீழேயும், அணையப்போகிற அடுப்பைப் போல ஓர் ஆரஞ்சு வெளிச்சம். அவர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. டார்ச் பிடிக்கிற கை மிச்சமாயிற்று என்று இரண்டு கையாலும் நட்டு முடுக்கிவிட்டு மதியம் சாப்பிட வீட்டுக்கு வந்தார். வெயிலுக்காகத் திரை போட்டிருந்த அறையில் பரிமாற வந்த மனைவி, சாப்பாட்டு மேசையின் முன்னால் தன் கணவர் கனன்றுகொண்டிருப்பதைப் பார்த்துக் கரண்டியைக் கீழே போட்டாள். கரண்டி விழுந்ததும் அவர் அதைத் தேட, மேசைக்கு அடியில் கையை நீட்டி வெளிச்சம் காட்டினார். அதைப் பார்த்து அவள் பாத்திரத்தையும் போட்டாள்.

ஊரில் அவருக்கு ஆறுபேர் என்று பட்டப்பெயர். எந்தக் கட்டடத்தில் எந்த லிஃப்டைச் சரி செய்தாலும், 'ஆறு பேருக்கு மேல் ஏறக் கூடாது' என்று தன் கையாலேயே ஒரு பலகை எழுதி மாட்டிவிட்டுத்தான் போவார். மனைவிக்குத் தராசக்கா என்று பெயர். எடை அளவுத் துறையில் ஆய்வாளர். அவள் தெருமுனையில் திரும்பினாலே காய்கறிக் கடைக்காரர் முதல் பழைய பேப்பர்க்காரர் வரை தராசுத் தட்டிலிருந்து விரலை எடுத்துவிடுவார்கள். அளக்காமல் எதையும் நம்புகிற பழக்கம் அவளுக்கில்லை. அதனால் கத்திக்கொண்டே தெர்மாமீட்டரை எடுத்துக் கணவரின் வாயில் வைத்தாள். காய்ச்சல் இல்லை. இருந்திருந்தால் அவளுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

தெரு முழுக்க வந்து பார்த்தது. கரண்ட் பில் குறையுமா என்று ஒருவர் விசாரித்தார். பக்கத்து வீட்டு டீச்சர் மட்டும் பெருமூச்சு விட்டாள்: "எங்க வீட்டுக்காரர் இருபது வருஷமா அணைஞ்சேதான் கிடக்கார். நீங்க குடுத்து வெச்சவங்க."

தராசக்காவின் தம்பி, மலைமேல் இருக்கும் வானாய்வு நிலையத்தில் வேலை பார்த்தான். தெற்கு வானத்தில் கொக்கு என்று ஒரு நட்சத்திர மண்டலம் உண்டு. அதைப் பார்த்தால் கொக்கைத் தவிர மற்ற எல்லாம் ஞாபகத்துக்கு வரும். அதன் கால்மாட்டில், வெறும் கண்ணுக்குத் தெரியாத மங்கல் நட்சத்திரம் ஒன்று. பெயர்கூட வைக்காமல் எண்ணோடு விட்டுவிட்டார்கள். எட்டு வருடமாகத் தம்பி அதை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்குப் பெண் அமையாததற்கு அதுதான் காரணம் என்பது அக்காவின் கட்சி. அவன், வெளிச்சத்தை நிறம் நிறமாகப் பிரிக்கும் பெட்டி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து, மச்சானைப் பாத்ரூமில் உட்காரவைத்துக் கதவைச் சாத்தி ஒரு வாரம் தினமும் அளந்தான். கடைசி நாள் பெட்டியை மூடாமலே வெளியே வந்தான்.

"அக்கா, இது அதே நட்சத்திரம். ஒரு கோடு பிசகலை. அதே நிறம், அதே வயசான வெளிச்சம். சூரியனைவிடச் சின்னது, எட்டுல ஒரு பங்குகூடப் பிரகாசம் இல்லை, நாலாயிரம் டிகிரிக்கு மேல சூடு."

"நாலாயிரமா? குளிக்க வெந்நீர் வெச்சுக் குடுக்கிறதே நான்தான்டா!"

"எனக்கும் புரியலைக்கா" என்றவன், தரையையே பார்த்தபடி அடுத்ததையும் சொல்லிவிட்டான். அந்த நட்சத்திரம் ஓரிடத்தில் நிற்பதில்லையாம். வாரத்துக்கு ஒரு தடவை லேசாக அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் ஆடுமாம். விலகிப் போகும்போது வெளிச்சத்தில் சிவப்பு கூடும், நெருங்கி வரும்போது நீலம் கூடும். மச்சானும் ஆடுகிறார். "சுத்தி ஏதோ ஒண்ணு ஓடிக்கிட்டிருக்குக்கா. அது இழுக்கிற இழுப்புலதான் இந்த ஆட்டம். கண்ணுக்குத் தெரியாது. ஆனா கூடவே இருக்கு."

படித்த பிள்ளைகளுக்கு எதை எங்கே சொல்வதென்று தெரியாது. தராசக்கா கணவரைத் திரும்பிப் பார்த்தாள். புதன்கிழமைகளில் கணவர் வாசல் பக்கமாகச் சாய்ந்து நடப்பதை அவளும் கவனித்திருந்தாள், முழங்கால் வலி என்று தைலம்கூடத் தேய்த்துவிட்டிருந்தாள்.

"யாரு அவ?" என்றாள்.

"நான் யாரையும் பார்க்கலைம்மா" என்றார் ஆறுபேர்.

"அதான் கண்ணுக்கே தெரியாதாமே, எப்படிப் பார்ப்பீங்க?"

சமாதானம் செய்கிறேன் பேர்வழி என்று தம்பி குறுக்கே வந்தான். அங்கிருந்து வெளிச்சம் இங்கே வந்துசேரவே முப்பத்தெட்டு வருடம் ஆகும், அவசரப்பட்டு எதுவும் முடிவு செய்ய வேண்டாம் என்றான்.

"அப்போ முப்பத்தெட்டு வருஷமாவா இது நடக்குது!"

"அப்போ எனக்கு எட்டு வயசு" என்றார் ஆறுபேர் மெதுவாக. அவள் அதையும் மன்னிக்கத் தயாராக இல்லை. நீங்களும் உங்க ஆளும் ஹால்லயே படுத்துக்கோங்க என்று பாயைத் தூக்கி வெளியே போட்டாள். வேறு ஊருக்கு மாற்றல் கேட்டுத் தனியாகப் போய்விடுவதென்று முடிவெடுத்து, அதை மேலதிகாரியிடம் வாய்விட்டும் சொல்லியாயிற்று. மாதக் கடைசிவரை பொறுத்துக்கொள்ளச் சொன்னார் அவர்.

அந்த மாதத்தின் நடுவில்தான், ஆறு மாடிக் கட்டடம் ஒன்றின் உச்சியிலிருந்த நகைக்கடைத் தராசைச் சோதிக்க அவள் லிஃப்டில் ஏறினாள். லிஃப்டைச் சரிபார்த்துவிட்டு அவள் கணவரும் அதில் நின்றிருந்தார். அவர் முகத்தைப் பார்க்காமல் அவள் பொத்தான்களைப் பார்த்தாள். மொத்தம் ஆறே பேர். ஆனாலும் ஓவர்லோடு மணி கத்தியது. எல்லாரும் உள்ளே நின்ற குண்டுக் கணக்காளர் ஒருவரைப் பார்த்தார்கள். "காலையில ரெண்டு பிஸ்கட்தாங்க சாப்பிட்டேன்" என்றார் அவர், அழாக்குறையாக. மெக்கானிக் என்ற முறையில் ஆறுபேர் வெளியே இறங்கினார். மணி நின்றது. அவருக்குப் பதிலாக அவரைவிடக் கனத்த காவலாளி ஏறினான். மணி அடிக்கவில்லை. அவன் இறங்கியதும் ஆறுபேர் ஒரு காலை உள்ளே வைத்தார். லிஃப்ட் அலறியது. உள்ளே இருந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். பிறகு, இடமே இல்லாத அந்தச் சின்ன அறையில் யாருக்கோ இடம் விடுவதைப் போலச் சுவரோடு ஒட்டி நின்றார்கள்.

தராசக்கா நகைக்கடைக்குப் போகவில்லை. அலுவலக வண்டியில் மூட்டை நிறுக்கும் மேடைத் தராசை ஏற்றி வீட்டுக்குக் கொண்டுவந்து, படிக்கற்களை வைத்துச் சோதித்துச் சரிபார்த்து, முதலில் தான் ஏறினாள். ஐம்பத்தொன்பது. தராசு பொய் சொல்லவில்லை. பிறகு கணவரை ஏற்றினாள். நூற்று இருபத்துமூன்று. அவரை ஒரு வாரம், காலையும் மாலையும், அலாரம் வைத்த மாதிரி ஏற்றி இறக்கினாள். ஆட்டத்தோடு சேர்ந்து முள்ளும் நகர்ந்தது. அவர் உள்பக்கமாகச் சாயும் நாளில் எழுபத்திரண்டு. வாசல் பக்கமாகச் சாயும் நாளில் நூற்று இருபத்துமூன்று. ஐம்பத்தொரு கிலோ யாரோ மேடைமேல் வந்து நின்று இறங்கிப் போகிறார்கள்.

"வயசுப் பொண்ணு எடை" என்றாள் தராசக்கா. சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றாள். வெளியிலிருந்து அவர் பேசுவது கேட்டது.

"எனக்கு எதுவும் தெரியலைம்மா. ஆனா கொஞ்ச நாளா குழிக்குள்ள இறங்கினா தனியா இருக்கிற மாதிரியே இல்லை. பயமாவும் இல்லை. யாரோ பக்கத்துல நின்னு வேடிக்கை பார்க்கிற மாதிரி இருக்கு."

அடுத்த புதன்கிழமை மாலை தம்பி வந்தான். ஐம்பத்தொன்று என்ற எண்ணைக் கேட்டதும் துள்ளிக் குதித்தான். அக்கா குடும்பம் உடைந்துகொண்டிருப்பது ஒருபுறம் இருக்க, அவனுடைய எட்டு வருடக் கணக்கு அன்றைக்குத்தான் முதல்முறையாகச் சரியாக வந்திருந்தது.

"அந்த நட்சத்திரத்தோட ஆட்டத்தைப் பத்தொன்பது வருஷத்துக்கு முன்னாடி எங்க நிலையத்துப் பெரியவர்தான் முதல்ல பார்த்தாரு. அப்போ ரொம்பச் சின்ன ஆட்டம். வருஷா வருஷம் கூடிக்கிட்டே வந்திருக்கு. சுத்துறது வளருதுன்னு அர்த்தம். நட்சத்திரத்துல அப்படியெல்லாம் நடக்கவே கூடாதுக்கா. கருவி தப்புன்னு எல்லாரும் சிரிச்சாங்க. இப்போ மச்சான் எடைக்கு மாத்திப் பார்த்தா இந்த வருஷம் கரெக்டா ஐம்பத்தொரு கிலோ. முதல் வருஷம்…" அவன் விரல்விட்டுக் கணக்குப் போட்டான். "மூணு கிலோ இருநூறு கிராம்."

தராசக்கா நின்ற இடத்திலேயே உட்கார்ந்தாள். நல்லவேளை, தரை இருந்தது.

பத்தொன்பது வருடத்துக்கு முன்னால் பிரசவ அறையில், அழாமல் பிறந்த குழந்தையை நர்ஸ் தராசில் வைத்து மூன்று கிலோ நூற்றைம்பது என்று எழுதினாள். தாளில் அப்படித்தான் இருந்தது. ஊரும் உறவும் அறிந்த கணக்கு அதுதான். ஆனால் குழந்தையை வைக்கும் முன்பே, காலித் தட்டில் முள் பூஜ்யத்துக்குக் கீழே ஐம்பது கிராம் இறங்கி நின்றதை, கட்டிலில் கிடந்த தராசக்கா பார்த்திருந்தாள். பார்க்காமல் இருக்க அவளுக்குத் தெரியாது. அந்த நேரத்தில் அதைப் போய் யாரிடம் சொல்வது? அதற்குப் பிறகு குழந்தையைப் பற்றி அந்த வீட்டில் யாரும் பேசவில்லை. அந்த ஐம்பது கிராம் மட்டும் அவளிடமே இருந்தது.

மேடைமேல் நின்றிருந்த கணவரை அவள் நிமிர்ந்து பார்த்தாள். அன்று வாசல் பக்கமாகச் சாயும் நாள்.

"அந்தத் தராசு ஐம்பது கிராம் குறைச்சுக் காட்டுச்சுங்க" என்றாள்.

எந்தத் தராசு என்று ஆறுபேர் கேட்கவில்லை. மேடையிலிருந்து இறங்கிவந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். தம்பிக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஆனாலும் முதல்முறையாக வாயை மூடிக்கொண்டு இருந்தான். அது அந்த வீட்டில் அன்று நடந்த இன்னோர் அதிசயம்.

மாற்றல் வேண்டாமென்று தராசக்கா மறுநாளே மேலதிகாரியிடம் சொல்லிவிட்டாள். பாய் உள்ளே போனது. ஊருக்கு விஷயம் எப்படித் தெரிந்ததென்று தெரியவில்லை, சுவர் ஒட்டிய வீடுகளில் அது கேள்வியும் இல்லை. இப்போது எந்தக் கட்டடத்திலும் ஆறுபேர் ஏறிய லிஃப்ட் மணியடித்தால், யாரும் யாரையும் முறைப்பதில்லை. குண்டுக் கணக்காளர் தானாகவே இறங்கி, "நீங்க போங்க, வயசுப் பிள்ளை நிக்குது" என்று சொல்லிவிட்டு மூச்சிரைக்கப் படியேறுகிறார். அதில் அவர் நான்கு கிலோ இளைத்தும் இருக்கிறார். ஆறுபேர் புதிதாக எழுதும் பலகைகளில் 'ஐந்து பேர்' என்று போடுகிறார். தராசக்கா கணவரோடு லிஃப்டில் போகும்போது, "கொஞ்சம் தள்ளி நில்லுங்க, நெருக்காதீங்க" என்று அவரை அதட்டுகிறாள்.

மேடைத் தராசை அலுவலகத்துக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டிய நாள் வந்தது. வண்டி வாசலில் நின்றது. கணவர் வேலைக்குப் போயிருந்தார், வீட்டில் வேறு யாரும் இல்லை. கொடுப்பதற்கு முன் ஒருமுறை சோதிப்பது வழக்கம் என்பதால் படிக்கற்களை வைத்துப் பார்த்தாள். கற்களை இறக்கியதும் முள் பூஜ்யத்தில் அசையாமல் நின்றது. பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு, தான் மட்டும் ஏறினாள். ஐம்பத்தொன்பது அல்ல, நூற்றுப் பத்து. தராசில் பிழையில்லை. வண்டிக்காரன் இரண்டு தடவை ஹாரன் அடித்தான். அவள் இறங்கவில்லை.