மேஸ்திரிக்கு வேலை

மேஸ்திரி என்பது அந்த நாயின் பெயரல்ல, பதவி. மகன் ஆசையாக வைத்த பெயர் ஒன்று இருந்தது. யார் வாயிலும் நுழையாத பெயர். அவன் வேலைக்கென்று வெளிநாடு போனபோது அந்தப் பெயரும் அவனோடு விமானம் ஏறிவிட்டது. நாய் மட்டும் இங்கே தங்கிவிட்டது. கறுப்பும் வெள்ளையுமாக, ஆடு மேய்ப்பதற்கென்றே பிறந்த சாதி. மூன்றாவது மாடியில், இரண்டு அறை வீட்டில், அது ஆட்டுக்கு எங்கே போகும்? இருந்த இரண்டு மனிதர்களையே மந்தையாக வைத்துக்கொண்டது. ஒருவர் சமையலறையிலும் ஒருவர் படுக்கையறையிலும் இருந்தால் அதற்குப் பொறுக்காது. கணுக்காலை மூக்கால் முட்டி முட்டி இருவரையும் கூடத்துக்கு ஓட்டிவந்து, எதிரே உட்கார்ந்து, கண் கொட்டாமல் காவல் காக்கும். "மேஸ்திரி வந்தாச்சு, நகருங்க" என்று வீட்டுக்காரி ஒருநாள் வேடிக்கையாகச் சொல்லப்போய், அதுவே நிலைத்துவிட்டது.

வீட்டுக்காரரை அக்கம்பக்கத்தில் லிஃப்ட்காரர் என்பார்கள். லிஃப்ட் மெக்கானிக். ஊரில் உயர்ந்து நிற்கும் கட்டடங்களில் பாதி அவர் கைபட்டுத்தான் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன. அப்படிக் கொடிகட்டிப் பறந்தவருக்குக் காதுக்குள் ஏதோ கோளாறு வந்தது. உயரத்தில் நின்றால் தலை சுற்றியது. லிஃப்ட் குழிக்கு மேலே நின்று வேலை பார்க்கிறவனுக்கு வேறு என்ன வேண்டும்? கம்பெனியில் மரியாதையாகப் பேசி, கை குலுக்கி, வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். கை குலுக்கியவன் அவரிடமே வேலை பழகியவன் என்பது தனி வயிற்றெரிச்சல்.

வேலையில்லாத இரண்டு பேரை ஒரே வீட்டில் பூட்டி வைத்தால் என்ன ஆகும்? ஒருவர் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டார். இன்னொருவர் சோபாவைத் தின்றார். மனைவி கண்ணாடிக் கடையில் லென்ஸ் பொருத்தும் வேலை பார்ப்பவள். பகலெல்லாம் பொடிப்பொடி ஸ்க்ரூக்களோடு மல்லாடிவிட்டு மாலையில் வந்து கதவைத் திறந்தால், கூடம் முழுக்கப் பஞ்சு பறக்கும். அவர் சவரம் செய்யாத முகத்தோடு, அவள் வைத்துவிட்டுப் போன சாப்பாட்டைத் தொடாமல், அப்படியே கிடப்பார். அவளுக்குப் பஞ்சைப் பொறுக்குவதா, புருஷனைப் பொறுக்குவதா என்று தெரியாது.

அந்த நாட்களில் ஒரு மாலை அவள் படியேறி வந்தபோது மூன்றாம் மாடியில் லிஃப்டின் வெளிக்கதவு திறந்து கிடந்தது. லிஃப்ட் கீழே இருந்தது. பழைய வேலைச் சாவியால் கதவைத் திறந்துவிட்டு, விளிம்பில் நின்று, அவர் குழியை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். மேஸ்திரி அவருடைய பேன்ட் நுனியைக் கவ்விப் பின்பக்கமாக இழுத்துக்கொண்டிருந்தது.

"என்னங்க பண்றீங்க?"

"சும்மாதான். ரோப்ல ஏதோ சத்தம் வந்துது."

அவள் கையை நீட்டினாள். அவர் சாவியைக் கொடுத்தார். அவள் அதைக் கைப்பையில் போட்டுக்கொண்டு, கதவைச் சாத்தி, இருவரையும் உள்ளே கூட்டிப்போனாள். அதன்பிறகு அந்தப் பேச்சை இருவரும் எடுத்ததேயில்லை. ரோப்பில் எந்தச் சத்தமும் வரவில்லை என்பது அவருக்குத் தெரியும். அவளுக்கும் தெரியுமா என்று அவர் கேட்கவில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவள் ஒரு நாய் வாத்தியாரை வரவழைத்தாள். சோபாவில் உட்கார இடமில்லாததால் அந்த மனிதர் நின்றுகொண்டே பாடம் நடத்தினார்.

"இதுக்கு ஓட்டம் மட்டும் பத்தாது சார். மூளைக்கு வேலை வேணும். வேலையில்லாம வச்சீங்கன்னா பைத்தியம் பிடிச்சிடும். சாப்பாட்டைத் தட்டுல போடாதீங்க, ஒளிச்சு வைங்க. தேடட்டும், இழுக்கட்டும், திறக்கட்டும். ஆனா கடைசியில அது ஜெயிக்கணும். தோத்துட்டே இருந்தா மனசு விட்டுப்போயிடும்."

"தினமும் ஒரே மாதிரி ஒளிக்கலாமா?" என்று மனைவி கேட்டாள்.

"கூடாதும்மா. கொஞ்சம் கொஞ்சமா கஷ்டமாக்கிட்டே போகணும். இன்னொண்ணு, நீங்க ஒளிக்கிறதை அது பார்த்துடக் கூடாது. இதெல்லாம் தனக்காகப் போடுற நாடகம்னு அதுக்குத் தெரிஞ்சுதோ, ரோஷம் வந்துடும். அப்புறம் தொடவே தொடாது."

அவள் ஒன்றுவிடாமல் தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள். நாய் விஷயத்தில் இவளுக்கு எப்போதிலிருந்து இவ்வளவு அக்கறை என்று அவருக்கு ஆச்சரியமாக இருந்தது.

வேண்டாவெறுப்பாகத்தான் தொடங்கினார். பழைய துண்டில் பிஸ்கட்டைத் தூவிச் சுருட்டி வைத்தார். மேஸ்திரி மூக்கால் தள்ளித் தள்ளி விரித்துத் தின்றது. முட்டை அட்டையில் தீனியைப் போட்டுக் காகித உருண்டைகளால் மூடினார். ஒவ்வொன்றாகக் கவ்வி ஓரமாக வைத்துவிட்டுத் தின்றது. அதென்ன பெரிய வித்தை என்று அவருக்கே ஒரு வீம்பு வந்துவிட்டது. தையல் நூல்கண்டு, மரப்பெட்டி, எதிர்ப்பக்கம் ஒரு கனம் என்று வைத்துக் குட்டி லிஃப்ட் ஒன்றே செய்துவிட்டார். கயிற்றை இழுத்தால் பெட்டி இறங்கும், விட்டால் ஏறிக்கொள்ளும். கயிற்றை இழுத்துக் காலால் மிதித்துக்கொண்டால்தான் பிஸ்கட். மேஸ்திரி முதல் நாள் குரைத்தது, இரண்டாம் நாள் முறைத்தது, மூன்றாம் நாள் மிதித்தது. அவர் சிரித்துவிட்டார். சமையலறையிலிருந்து மனைவி எட்டிப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

அதே சமயத்தில்தான் வீடு கழன்றுகொள்ள ஆரம்பித்தது. முதலில் குழாய்ப் பிடி ஆடியது. பிறகு டிராயர் சரிந்தது. குளியலறைக் கதவு கீல் தொங்கியது. "ஏங்க, இதைக் கொஞ்சம் பாருங்களேன்" என்று அவள் காலையில் சொல்லிவிட்டுப் போவாள். அவர் டூல் பாக்ஸைத் தூசி தட்டி எடுத்தார். "என்னத்தைக் கட்டினானோ, நான் இல்லைன்னா இந்த வீடு இடிஞ்சு விழுந்துடும்" என்று மாலையில் அலுத்துக்கொள்வார். அலுப்பில் ஒரு மிதப்பு இருக்கும். சவரம் செய்துகொண்டார். இருவரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்தார்கள். நடுவில் மேஸ்திரி, தன் மந்தை கூடிவிட்ட நிம்மதியில் காலை நீட்டிப் படுத்திருக்கும்.

பிறகு ஒரு காலை டேபிள் ஃபேன் கழுத்து முறிந்து தொங்கியது. கழுத்துக்குப் பின்னால் உள்ள ஸ்க்ரூவைக் கழற்றி வெளிச்சத்தில் பிடித்தார். தலைப் பள்ளத்தின் இரு ஓரத்திலும் மெல்லிசாக இரண்டு கீறல். பெரிய ஸ்க்ரூவில் பொடி ஸ்க்ரூடிரைவரைப் போட்டு மல்லுக்கட்டினால்தான் அப்படிக் கீறல் விழும். எந்த மெக்கானிக்கும் அந்தத் தப்பைச் செய்யமாட்டான். ஸ்க்ரூ தானாகக் கழன்றால் கீறலே விழாது.

அவருக்குச் சுருக்கென்றது. எழுந்துபோய் டிராயரைப் பார்த்தார். கதவுக் கீலைப் பார்த்தார். குழாய்ப் பிடியைப் பார்த்தார். வீடு முழுக்க அதே கையெழுத்து. முந்தின நாள் மாலை அவருடைய மூக்குக்கண்ணாடியை முறுக்கிக் கொடுத்துவிட்டு அவள் மறந்து வைத்த சின்ன ஸ்க்ரூடிரைவர் ஜன்னலோரம் கிடந்தது. கொண்டுவந்து பள்ளத்தில் வைத்தார். கீறலுக்கு அச்சாகப் பொருந்தியது.

முகம் சூடேறிப்போனது. நாய்க்குத் துண்டு, எனக்குக் குழாயா? கொஞ்சம் கொஞ்சமாகக் கஷ்டமாக்க வேண்டும். கடைசியில் ஜெயிக்க வேண்டும். வாத்தியார் சொன்னதை அவள் யாருக்காக அவ்வளவு கவனமாகக் கேட்டுக்கொண்டாள் என்பது இப்போதுதான் புரிந்தது. ஜெயித்ததாக நினைத்து ஒவ்வொரு மாலையும் தான் அடித்துக்கொண்ட ஜம்பம் நினைவுக்கு வந்து, அவமானத்தில் உடம்பு கூசியது. ஃபேனைக் கழற்றியது கழற்றியபடி தரையில் போட்டுவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அவள் வந்து ஃபேனைப் பார்த்தாள். "என்னங்க, சரியாகலையா?"

"ஆகாது."

அவள் முகத்தில் ஈயாடவில்லை. ஃபேன் துண்டுகளைப் பொறுக்கி ஓரமாக வைத்தாள்.

கெட்ட நாட்கள் திரும்பி வந்தன. அவர் நாய்க்கும் துண்டைச் சுருட்டவில்லை. எல்லா நாடகமும் போதும் என்று தீனியைத் தட்டில் கொட்டினார். மேஸ்திரி சோபாவின் மிச்சத்தை விட்டுவிட்டது. அதைவிட மோசமாக, தன் முன்னங்காலையே நக்க ஆரம்பித்தது. ஓயாமல் நக்கி, முடி உதிர்ந்து, தோல் சிவந்து, புண்ணாகிவிட்டது. மாலையில் மனைவி படியேறி வரும் சத்தத்தை அவர் படுத்தபடியே கேட்பார். காலடி லிஃப்ட் வாசலுக்கு வந்ததும் நிற்கும். கதவு சாத்தியிருக்கிறதா என்று இழுத்துப் பார்க்கும் ஓசை கேட்கும். அதன்பிறகுதான் வீட்டுப் பூட்டில் சாவி நுழையும். தினமும் அப்படித்தான். அவளுக்குத் தெரியும், அன்றைக்கே தெரியும் என்று அவருக்கு இப்போது விளங்கியது. விளங்கி என்ன செய்ய? அவளைக் கூப்பிட்டு ஆறுதல் சொல்லவும் வாய் வரவில்லை.

ஒரு மத்தியானம் நக்கும் சத்தம் தாங்கமுடியாமல் எழுந்தார். காலையில் கடைக்குப் போய் வாங்கிவந்த மருந்தைப் புண்ணில் தடவினார். பாவமாக இருந்தது. துண்டை எடுத்தார். ஒளித்து வைக்கத் தெம்பில்லை. மேஸ்திரியின் கண்ணெதிரிலேயே பிஸ்கட்டை வைத்துச் சுருட்டினார். ரோஷம் வந்தால் வரட்டும், கடித்தாலும் கடிக்கட்டும் என்று தள்ளிப்போட்டார்.

மேஸ்திரி துண்டைப் பார்த்தது. அவரைப் பார்த்தது. மெல்ல எழுந்து நொண்டிக்கொண்டே வந்தது. ஒரே இழுப்பில் உதறியிருக்கலாம். உதறவில்லை. ஒவ்வொரு மடிப்பாக, மூக்கால் தள்ளி, முறையாக விரித்தது. பிஸ்கட்டைக் கவ்வியது, தின்னாமல் அவர் காலடியில் வைத்தது, வாலை ஒருதரம் ஆட்டிவிட்டு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றது. தட்டில் தீனி அப்படியே கிடந்தது. அதற்குப் பசியே இல்லை.

மந்தையில் ஓர் ஆடு குறைந்தால் கண்ணாலேயே கண்டுபிடிக்கிற சாதி. இந்தப் புறாக்கூண்டு வீட்டில் மூக்குக்கு எதிரே ஒளித்த பிஸ்கட் அதற்குத் தெரியாமலா இருந்திருக்கும்? வாத்தியாருக்கு நாயைப் பற்றி ஒரு மண்ணும் தெரியவில்லை. எல்லாம் தெரிந்துகொண்டேதான் அது துண்டை விரித்திருக்கிறது, கயிற்றை மிதித்திருக்கிறது. மந்தையில் ஒருவர் சிரிக்கிறார் என்பதற்காக. லிஃப்ட்காரர் அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு, வேலை போன நாளில்கூட அழாத அழுகையை அழுதார்.

அன்று மாலை காலடி லிஃப்ட் வாசலில் நின்று, பிறகு வீட்டுக்கு வந்தது. அவள் முகம் கழுவினாள், டீ போட்டாள், இரண்டு முறை வாயெடுத்து நிறுத்தினாள். கடைசியில் பயந்து பயந்து அயர்ன் பாக்ஸை அவர் முன்னால் வைத்தாள்.

"ஏங்க, இது காலையிலேர்ந்து சூடாகல. முடிஞ்சா பாருங்க. முடியலைன்னா பரவால்ல."

அவளுடைய ஆள்காட்டி விரலில் பிளாஸ்திரி சுற்றியிருந்தது.

"விரல்ல என்ன?"

"கடையில கண்ணாடி கீறிடுச்சு."

அவர் டூல் பாக்ஸை இழுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். மேல்மூடியைக் கழற்றினார். உள்ளே ஒரு வயர் பிடுங்கப்பட்டு, அதன் மொட்டை முனை இரும்பில் பட்டுக்கொண்டிருந்தது.

"சூடாகலைன்னு எப்படித் தெரிஞ்சுது? பிளக்ல போட்டியா?"

"போட்டுப் பார்த்தேன்."

"தொட்டியா?"

அவள் விரலை மறைத்துக்கொண்டாள். "லேசா அடிச்சுது. தூக்கிப் போட்டுட்டேன்."

வீட்டில் யாருமில்லாத ஒரு நேரம் பார்த்து, எந்த வயர் எதற்கென்று தெரியாமல், கண்ணாடிக்கடை ஸ்க்ரூடிரைவரோடு இவள் இதற்குள் கையை விட்டிருக்கிறாள். தான் காலையில் மருந்துக்கடைக்குப் போயிருந்த அந்தக் கொஞ்ச நேரமாகத்தான் இருக்கும். இவள் சுருண்டு விழுந்திருந்தால்? குழியை எட்டிப் பார்த்தபோதுகூட வராத பயம் அவருக்கு இப்போது வந்தது. கோபம் வரவேண்டிய இடத்தில் கோபம் வரவில்லை. இப்படி ஒருத்தியைப் பயமுறுத்தி வைத்திருக்கிறோமே என்ற துக்கம்தான் வந்தது.

வயரைப் பொருத்தினார். மூடியை வைத்தார். மேஸ்திரி வந்து இருவருக்கும் நடுவில் படுத்துக்கொண்டது. கடைசி ஸ்க்ரூவை முறுக்கிக்கொண்டே, தலை நிமிராமல் சொன்னார்:

"கரன்ட் சாமான்ல மட்டும் இனிமே கை வைக்காதே. குழாய், டிராயர், நாற்காலி... இதோட நிறுத்திக்கோ."

அவள் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொள்வது தெரிந்தது.

"நாற்காலியெல்லாம் கழட்டவே முடியலைங்க" என்றாள். "அப்படி முறுக்கி வச்சிருக்கீங்க. மணிக்கட்டெல்லாம் வலிக்குது."

லிஃப்ட்காரர் அவள் கையை எடுத்துப் பிளாஸ்திரியைத் தடவிப் பார்த்தார்.

"சரி" என்றார். "இனிமே கொஞ்சம் லூசாவே விடுறேன்."