திரும்பி வந்த கன்று

அன்று மாலை பீன்ஸ் குழம்பில் உப்பு போதவில்லை. தாசியானா கரண்டியை நக்கிப் பார்த்துவிட்டு மகளைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்பினாள். ஒன்பது வயது உவேரா ஓடிப்போய் ஒரு வாழை இலைக் கிழிசலில் உப்பு வாங்கி வந்தாள். வழியெல்லாம் விரலை நக்கிக்கொண்டே வந்ததில் பாதி உப்பு அவள் வாய்க்குள் போயிருந்தது.

"உப்பு வாங்கப் போனியா, திங்கப் போனியா?" என்று அவள் அப்பா கலிஸ்து கேலி செய்தான்.

"போனிபாஸ் மாமா நிறையத்தான் கொடுத்தாங்க" என்றாள் அவள்.

மூன்று பேரும் ஒரே தட்டில் சாப்பிட்டார்கள். ருவாண்டாவில் ஏப்ரல் மாதம், நல்ல மழை. மறுநாள் காலை வானொலியில் வேறு குரல் பேசியது. தாசியானா வீட்டாரைப் போன்ற டுட்சிகளைக் கரப்பான் பூச்சி என்றது. ஹூட்டுகளிடம் அவர்களை வெட்டச் சொன்னது.

சேர்ந்து போனால் சேர்ந்து சாவோம் என்று சொல்லிவிட்டு, கலிஸ்து மகளைக் கூட்டிக்கொண்டு தேவாலயத்துப் பக்கம் போனான். தாசியானா சதுப்பில் கோரைப் புதருக்குள் கழுத்தளவு சேற்றில் கிடந்து பிழைத்தாள். எல்லாம் ஓய்ந்து ஊர் இருந்த மலைக்குத் திரும்பி வந்தபோது கலிஸ்துவின் எலும்பு சாலையோரப் பள்ளத்தில் கிடைத்தது, நீலச் சட்டையோடு. உவேரா கிடைக்கவில்லை. போனிபாஸ் அவளைக் கையைப் பிடித்து அழைத்துப் போனதைப் பார்த்ததாக ஒரு கிழவர் சொன்னார். சொன்ன வருடமே அவரும் செத்துப்போனார்.

பல வருடம் கழித்து, புல்தரையில் கூடிய ஊர் மன்றத்தில் போனிபாஸ் வெளிர்சிவப்புச் சிறை உடையில் எழுந்து நின்றான். கலிஸ்துவைத் தானும் சேர்ந்து வெட்டியதாகச் சொன்னான். பிறகு, "கடவுள்கிட்டயும், அரசாங்கத்துக்கிட்டயும், ருவாண்டா மக்கள்கிட்டயும் மன்னிப்புக் கேக்குறேன்" என்றான். எல்லோரிடமும் கேட்டான். எதிரிலே உட்கார்ந்திருந்த தாசியானாவிடம் கேட்கவில்லை. சிறுமி எங்கே என்று நடுவர்கள் கேட்டதற்கு, "ஓடிட்டா, நான் பாக்கல" என்றான். அவன் சொன்னது பொய் என்று அந்தப் புல்தரைக்கே தெரியும். எல்லோரும் குனிந்து புல்லைக் கிள்ளிக்கொண்டிருந்தார்கள். குற்றத்தை ஒப்புக்கொண்டதால் தண்டனையில் பாதி குறைந்தது. போனிபாஸ் பழைய வீட்டுக்கே திரும்பி வந்து கூரை மாற்றினான்.

பிழைத்தவர்களுக்கு அரசாங்கம் பசு கொடுத்தபோது தாசியானாவுக்கும் ஒன்று கிடைத்தது. முதலில் பிறக்கும் கிடாரிக் கன்றை இன்னொரு ஏழைக்குக் கொடுத்துவிட வேண்டும் என்பது ஏற்பாடு. கன்று பால் மறந்த சமயம் ஊர் அதிகாரி அலெக்சி வந்தான். அண்டை நாட்டு அகதி முகாமில் பிறந்து, சண்டை முடிந்த பிறகு இங்கே வந்த இளைஞன்.

"உவேரா அம்மா, இந்த வருஷம் நம்ம மலைதான் முன்மாதிரி" என்றான் சந்தோஷமாக.

"எதுக்கு?"

"மன்னிப்புக்கு. தலைநகர்ல இருந்து பெரியவங்க வர்றாங்க. நீங்க உங்க கன்னுக்குட்டிய போனிபாசுக்குக் கொடுக்கப் போறீங்க."

"நான் அவன மன்னிச்சிட்டேனா? எப்பப்பா? என்கிட்ட யாரும் சொல்லவே இல்லையே."

அவன் சிரித்தான். பிறகு அவள் சிரிக்கவில்லை என்று பார்த்து நிறுத்தினான். "கசப்பையே சுமந்துக்கிட்டிருந்தா நாடு எப்படிம்மா முன்னேறும்?"

"என் முதுகு மேல ஏறித்தான் நாடு முன்னேறணுமா? அவன் தண்டனையப் பாதியாக் குறைச்சீங்க. என் தண்டனைய எவன் குறைச்சான்?"

"நீங்க மறுத்தா மேல இருக்கிறவங்க என்ன நினைப்பாங்க? பிரிவினை பேசுறதா நினைப்பாங்க."

இப்போதெல்லாம் டுட்சி, ஹூட்டு என்ற சொற்களை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. சொன்னால் வழக்கு. ஆனால் பிரிவினை என்ற சொல்லை எப்போதும் செத்தவர்களின் வீட்டு வாசலில் வந்துதான் சொல்கிறார்கள். தாசியானா புல் அறுக்கிற அரிவாளைக் கீழே வைத்துவிட்டு, "போயிடு" என்றாள்.

அன்று பிற்பகல் ஸ்பெசியோசா வந்தாள். சதுப்பில் பக்கத்தில் கிடந்து பிழைத்தவள். ஐந்து பிள்ளைகளை இழந்தவள். அந்த மலையில் அவளைப் போல வாய் யாருக்கும் கிடையாது. விஷயத்தைக் கேட்டதும் தொடையைத் தட்டிக்கொண்டு சிரித்தாள்.

"குடுடி" என்றாள்.

"உனக்குப் பைத்தியமா?"

"கேளுடி. எங்கப்பாவுக்கு ஒருத்தர் மாடு கொடுத்திருந்தாரு. சாகுற வரைக்கும் எதுக்கெடுத்தாலும் 'எனக்கு மாடு கொடுத்தவர் மேல சத்தியம்'னுதான் சொல்லுவாரு. ஊர்பூரா பொய் சொல்லுவாரு, எங்கம்மாகிட்ட தினம் பொய் சொல்லுவாரு. அவர்கிட்ட மட்டும் சொல்லமாட்டாரு. மாடு கொடுத்தவர்கிட்ட பொய் சொன்ன மனுஷன நீ பாத்திருக்கியா?"

தாசியானா தொழுவத்தில் நின்ற கன்றைத் திரும்பிப் பார்த்தாள்.

"முகாம்ல பால்பவுடர் குடிச்சு வளந்த அந்தப் பயலுக்கு இது பரிசு. போனிபாசுக்கு இது கழுத்துல விழுற கயிறு. நீ போட்டுட்டு இழு."

மன்னிப்பு நாளன்று பள்ளி மைதானத்தில் பந்தல் போட்டிருந்தார்கள். பிளாஸ்டிக் நாற்காலிகளில் பெரியவர்கள் உட்கார்ந்தார்கள். வாழைப்பழக் கள் பெரிய பானையில் தயாராக இருந்தது. தாசியானா கன்றை ஓட்டிக்கொண்டு வந்தாள். எண்ணெய் தடவிய அதன் முதுகு வெயிலில் மின்னியது. போனிபாஸ் கோட்டு போட்டுக்கொண்டு நின்றான். நரைத்துவிட்டான். கயிறு அவன் கைக்கு மாறியதும், முறைப்படி உரக்கச் சொன்னான்:

"தாசியானா எனக்கு மாடு கொடுத்தா!"

கூட்டம் கைதட்டியது. கேமராக்கள் முன்னால் வந்தன. அலெக்சி ஒலிபெருக்கியை அவளிடம் நீட்டி, "மன்னிச்சேன்னு சொன்னாப் போதும்மா" என்று காதோரம் சொன்னான்.

அவள் வாங்கிக்கொண்டாள்.

"மாடு வாங்கிட்ட. எல்லாரும் பாத்தாங்க. மாடு கொடுத்தவ கேக்குறேன், போனிபாஸ். உவேரா எங்க?"

போனிபாஸ் வாயைத் திறந்தான். அவன் பார்வை அவளைத் தாண்டி, ஊர்க்குழுவினரின் வரிசையில் உட்கார்ந்திருந்த அவன் தம்பியிடம் போனது. தம்பி தலையைக்கூட அசைக்கவில்லை. திறந்த வாய் அப்படியே நின்றது. அதற்குள் அலெக்சி ஒலிபெருக்கியைப் பிடுங்கிக்கொண்டு கையைக் காட்ட, முரசுகள் அதிர ஆரம்பித்தன. நடனக்காரர்கள் இடையில் புகுந்தார்கள். அவள் மறுபடியும் கேட்டாள். தொண்டை கிழியக் கேட்டாள். தலைநகரத்து அம்மாள் ஒருத்தி அவள் உணர்ச்சிவசப்பட்டுவிட்டதாக நினைத்துக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்தாள்.

மறுநாள் காலை வெளியே கன்று கத்துகிற சத்தம் கேட்டது. தாசியானா வந்து பார்த்தபோது, போனிபாஸ் கன்றை அவள் வேலியில் கட்டிக்கொண்டிருந்தான்.

"என்ன பண்ற?"

"எனக்கு இது வேண்டாம், உவேரா அம்மா."

அந்தப் பெயரைச் சொல்ல அவன் வாய் கூசவில்லை.

"கொடுத்த மாட்டத் திருப்பிக் கட்டுறதா? எந்தக் குடும்பத்துல நடந்திருக்கு?"

"தெரியும். கேவலந்தான். ஆனா இது என் வீட்டுல நின்னா நான் உனக்குப் பதில் சொல்லணும். சொன்னா இந்த மலையில நான் இருக்க முடியாது. நான் மட்டும் இல்ல, நிறையப் பேர்."

"சொல்லாம இருக்க முடியுதா?"

அவன் கொஞ்சம் யோசித்தான். "இருக்கேனே" என்றான்.

"பொய்யாவது சொல்லியிருக்கலாமேடா. புல்தரையில சொன்னியே, ஓடிட்டான்னு. அதையே இன்னொரு தடவ சொல்லியிருக்கலாமே."

"மாடு கொடுத்தவகிட்டயா?"

அவன் முகம் நிஜமாகவே வாடிப்போனது. அவனை ஏதோ கேவலமாகப் பேசிவிட்டதைப் போல. அதைப் பார்த்ததும் தாசியானா இத்தனை வருடமாகப் பல்லைக் கடித்துக்கொண்டு வைத்திருந்ததெல்லாம் உடைந்தது.

"என் பிள்ளையக் கையப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போனியே, அப்ப எங்கடா போச்சு உன் முறை? மாட்டுக்கு முறை பாக்குற! மாட்டுக்கு!"

சாணக் கூடையை எடுத்து அவன்மேல் வீசினாள். அவன் துடைக்காமல் நின்று, பிறகு மெதுவாக நடந்து போனான். அக்கம்பக்கத்தில் எல்லோரும் பார்த்தார்கள். ஒருவரும் வெளியே வரவில்லை.

மதியம் அலெக்சி மோட்டார் சைக்கிளில் பறந்து வந்தான். "என்னம்மா இது? போட்டோவெல்லாம் பேப்பருக்குப் போயாச்சு. கன்னுக்குட்டிய ஏன் வாங்கிக்கிட்டீங்க?"

"நான் வாங்கல. அவன் மன்னிப்பத் திருப்பிக் கொடுத்துட்டான். உங்க பெரியவங்களுக்குச் சொல்லு."

"இந்த மாசம் மட்டும் அவன் தொழுவத்துல கட்டி வைங்களேன். யாராவது வந்து பாத்தா..."

"அவனுக்குத் தெரியும், அலெக்சி. என் மக எங்க கிடக்கான்னு அவனுக்குத் தெரியும். அவன் தம்பிக்குத் தெரியும். உன் குழுவுல பாதிப் பேருக்குத் தெரியும். அதக் கேக்க உன் நாக்கு எழும்பல. என்னைய மன்னிக்கச் சொல்ல மட்டும் எழும்புது."

அவன் தலைக்கவசத்தைக் கையில் சுற்றிக்கொண்டு நின்றான். "அப்படியெல்லாம் தோண்ட ஆரம்பிச்சா..." என்று இழுத்தான்.

"ஆமா. தோண்டத்தான் கேக்குறேன்."

அவன் போன பிறகு தாசியானா வாசலில் உட்கார்ந்திருந்தாள். போனிபாஸ் சொல்லியிருந்தால் மன்னித்திருப்பாளா? அவளுக்கே தெரியாது. ஆனால் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போவதற்கு ஓர் இடமாவது இருந்திருக்கும். மகளின் எலும்பைக் கழுவித் துணியில் சுற்றி, அப்பாவுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு வந்து, அதன் பிறகு யோசித்திருப்பாள். அந்த யோசனையையும் அவளுக்காக அரசாங்கமே யோசித்து முடித்து, பந்தல் போட்டு, கைதட்டியும் விட்டது.

வெயில் தாழ்ந்தது. இரண்டு மாடுகளுக்கும் தண்ணீர் இல்லை. அவள் மஞ்சள் கேனை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டாள்.

குழாய் மேட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. அங்கே போக போனிபாஸ் வீட்டு வாசலைத் தவிர வேறு வழி கிடையாது.