கடுகளவு கல்

தூங்குகிறவரின் தலைமாட்டுச் சுவரில் கனவு கல்லாக உறையும் ஊர் எங்களுடையது. நல்ல கனவு வெளுக்கும், பயந்த கனவு கறுக்கும். வீட்டைக் காலி செய்கிறவர்களுக்கு அவரவர் கல்லைப் பெயர்த்துக் கையில் கொடுப்பது என் தொழில்.

அன்று காலி செய்தவர்கள் ஓர் இளம் தம்பதி. "சட்டுபுட்டுன்னு முடிப்பா, வெள்ளையடிக்க ஆள் வந்தாச்சு" என்று வீட்டுக்காரர் வாசலில் நின்று உயிரை வாங்கினார். கட்டிலின் தலைமாட்டில் பெயர்த்த கல் கரிக்கட்டை போல இருந்தது. அடுத்து, தொட்டில் கிடந்த மூலைக்கு நகர்ந்தேன்.

"அங்க வேணாம்ண்ணே" என்றாள் அந்தப் பெண். "எங்க பாப்பா பொறந்ததுலேருந்து காய்ச்சல்லயே கெடந்து போயிட்டா. அவ என்னத்த கனவு கண்டிருப்பா?"

"அதான் வேணாங்கறாங்கல்ல, விடுப்பா" என்றார் வீட்டுக்காரர்.

"கொஞ்சம் வாயை மூடிட்டு நில்லுங்கய்யா!" என்றேன்.

சுவரைக் கட்டைவிரலால் தடவினேன். கடுகளவு ஏதோ நெருடியது. உளி வைக்க மனம் வரவில்லை. நகத்தாலேயே பெயர்த்து அவள் உள்ளங்கையில் வைத்தேன்.

அவள் கண்களை இறுக மூடிக்கொண்டாள்.

"என்ன நிறம்ண்ணே?"

"வெள்ளைம்மா. கண்ணத் தொறந்து பாரு."