சட்டைப் பையில் இருந்த தாலி

ஸ்கேன் எடுக்கும்போது உடம்பில் உலோகம் கூடாது என்றார்கள். தாலிக்கொடியைக் கழற்றி என் கணவர் அழகப்பனின் நீலச் சட்டைப் பையில் போட்டேன். மார்பில் கட்டி இருப்பதை நாங்கள் யாரிடமும் சொல்லவில்லை. சிகிச்சையில் எப்படியும் கொட்டிவிடும் என்று முந்தின நாளே முடியைக் குட்டையாக வெட்டியிருந்தேன்.

மாலையில், பயப்பட ஒன்றுமில்லை என்றார் டாக்டர். தேக்கா சந்தைக்கு ஓடினோம். உணவங்காடியில் தே தாரிக் டீ குடிக்கும்போதுதான் அவருக்குத் தாலி ஞாபகம் வந்தது. எழுந்து, வாயாலேயே நாதஸ்வரம் ஊதிக்கொண்டு என் கழுத்தில் போட்டார்.

தெரிந்தவர் யாரோ என் முதுகுப் பக்கமிருந்து படமெடுத்துவிட்டார். குட்டை முடியில் நான் என்று தெரியவில்லை. 'அன்னதானம் அழகப்பனுக்கு ரகசியக் கல்யாணம்!' என்று கோயிலின் இணையக் குழுவில் போட்டுவிட்டார். இரண்டே நாளில் எண்ணூறு கருத்துகள்.

அவர் சாப்பாட்டு மேசையில் வாசித்துக் காட்டினார். "நானூறு பேரு உன் பக்கம்தான் லா. ஒருத்தரு என்னை நீ டைவர்ஸ் பண்ணணும்னு சொல்றாரு."

"பண்ணிரலாமா?"

"அந்தப் படத்துல இருக்கிறவ ஒத்துக்கணுமே."

விளக்கம் தரும்வரை அன்னதானக் கரண்டியைத் தொடவேண்டாம் என்று கோயிலில் சொல்லிவிட்டார்கள். இருபது வருடமாகப் பரிமாறியவர். என் சிரிப்பு நின்றது. "ஸ்கேன் விஷயத்தச் சொல்லிடுங்க," என்றேன்.

"அது நீதான்னு சொன்னாலே தாலிய ஏன் கழட்டுனன்னு கேப்பாங்க. உன் உடம்பு விஷயத்த ஊருக்கு ஏன் சொல்லணும்?"

மறுநாள் அவர் தங்கை பூவம்மா வடைப் பொட்டலத்தோடு எங்கள் செங்காங் வீட்டுக்கு வந்தாள். குளித்த தலையில் துண்டோடு கதவைத் திறந்தேன்.

"மனசத் தேத்திக்குங்க அண்ணி. அண்ணன் நல்லவருதான். அவதான் மயக்கிட்டா."

சிரிப்பை அடக்கியதில் என் தோள் குலுங்கியது. அழுகிறேன் என்று நினைத்துக் கட்டிக்கொண்டாள். துண்டு நழுவியது. என் தலையைப் பார்த்தாள், கைப்பேசியில் இருந்த படத்தைப் பார்த்தாள், மறுபடியும் என் தலையைப் பார்த்தாள்.

"அது நீங்களா?"

"நான்தான் மயக்கினேன்."

"அப்ப தாலிய ஏன் கழட்டுனீங்க?"

நான் வாய் திறக்குமுன் சமையலறையிலிருந்து அவர் பதில் வந்தது. "பாலிஷுக்குக் குடுத்திருந்தோம்."

பூவம்மா என் குட்டை முடியைத் தடவிவிட்டு, விழுந்த துண்டை எடுத்துத் தலையில் சுற்றிவிட்டாள். 'அது எங்க அண்ணி. தாலி பாலிஷுக்குப் போயிருந்துச்சு' என்று அவளே குழுவில் எழுதினாள். வெள்ளிக்கிழமை கரண்டி திரும்பி வந்தது.

போன வருடம் அவர் இதயம் நின்றுபோனது. பதினாறாம் நாள் தாலியைக் கழற்றச் சொன்னார்கள். நானே கழற்றினேன். அலமாரியில் தொங்கிய அதே நீலச் சட்டையின் பையில் போட்டேன்.

பூவம்மா என் காதருகே குனிந்தாள். "மறுபடியும் பாலிஷுக்கா அண்ணி?"

வீடு நிறைய ஆட்கள். எல்லார் கையிலும் கைப்பேசி. நான் வாய்விட்டுச் சிரித்தேன்.